‘இவர் எங்க ஆளே இல்லை’ என்று கம்பெனி சொன்னால்

திருப்பூர் பனியன் கம்பெனிகளில் சம்பள பாக்கி என்று மனு எழுத வருகிறவர்கள் முதலில் கணக்கைத்தான் விரிப்பார்கள். இத்தனை வாரம், இத்தனை ஷிஃப்ட், இவ்வளவு பாக்கி. ஆனால் மனு சாய்வது கணக்கில் அல்ல, கம்பெனி தாக்கல் செய்யும் பதிலின் முதல் வரியில்: “மனுதாரர் எங்களிடம் வேலையே பார்க்கவில்லை.” சில ஆயிரம் ரூபாய்க்காக இப்படி மறுப்பதில்லை. வேலையாள் என்று ஒப்புக்கொண்டால் பிஎஃப், இஎஸ்ஐ பாக்கியும் பின்னாலேயே வரும்.

2025 நவம்பர் 21 முதல் நடைமுறையில் உள்ள ஊதியச் சட்டத்தொகுப்பின் 59-ம் பிரிவு, சம்பளம் கொடுத்தாயிற்று என்பதை முதலாளிதான் நிரூபிக்க வேண்டும் என்கிறது. இதை மட்டும் படித்துவிட்டுத் தெம்பாக வருகிறவர்கள் உண்டு. வேலையாள் என்பது நிலைநின்ற பிறகுதான் அந்தப் பிரிவு கைகொடுக்கும். அதுவரை நிரூபிக்கும் சுமை கேட்பவர் தலையில்தான். 2004-ல் நீலகிரி கூட்டுறவு விற்பனைச் சங்கத் தொழிலாளர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இதுவே. சுமை தூக்கியவர்களும் தரம் பிரித்தவர்களும் அதில் தோற்றார்கள். வேலைக்கு எடுத்தது யார், கூலி கொடுத்தது யார், நிறுத்தும் அதிகாரம் யாரிடம், மேற்பார்வை யாருடையது என்று எல்லாவற்றையும் சேர்த்தே பார்ப்பார்கள்.

பீஸ் ரேட், அதாவது துண்டுக்கூலி, என்பதால் வழக்கே கிடையாது என்று சொன்னால் நம்ப வேண்டாம். 1973-ல் சில்வர் ஜூபிலி தையல் கடை வழக்கில், பீஸ் ரேட்டில் தைத்தவர்களும் வேலையாட்களே என்று உச்ச நீதிமன்றம் தீர்த்தது. மெஷின் கடையுடையது, தைத்தது சரியில்லை என்றால் திருப்பித் தரும் உரிமையும் கடைக்காரருடையது. ஆகவே பவர் டேபிளில், அதாவது தையல் மெஷினில், வேலை செய்தவர் மனுவில் மெஷின் யாருடையது, பீஸைச் செக் பண்ணித் திருப்பி அனுப்பியது யார் என்று கட்டாயம் எழுத வேண்டும்.

ஆதாரங்களில் முதல் இடம் இஎஸ்ஐ, பிஎஃப் பதிவுக்கு. யுஏஎன் (பிஎஃப் கணக்கு எண்) பாஸ்புக்கில் ஒரே ஒரு மாதம் அந்தக் கம்பெனி பெயர் இருந்தாலும் கம்பெனி பதிலின் முதல் வரி உடைந்துவிடும். அடுத்தது வங்கிக் கணக்கு விவரம். உங்கள் பெயரில் பிடித்த வரியைக் காட்டும் வருமான வரியின் 26ஏஎஸ் படிவத்தையும் எடுத்துப் பாருங்கள்: 2026 மார்ச் வரையிலான பதிவுகளில் 192-ம் பிரிவில் பிடித்தம் என்றால் அது சம்பளம். 194சி என்று இருந்தால் ‘காண்ட்ராக்ட்காரர்’ என்று வாதாட எதிர்த்தரப்புக்கு நீங்களே எடுத்துக்கொடுத்த மாதிரி. பதிலைத் தயாராக வைத்துக்கொள்ளுங்கள்.

சம்பளம் ஓனரின் சொந்த நம்பரிலிருந்து ஜிபேயில் வந்திருக்கிறதா? அந்த ஆளையும் கம்பெனியையும் இணைக்க வேண்டும். பில்லில் உள்ள ஜிஎஸ்டி எண்ணை அரசுத் தளத்தில் போட்டால் வணிகப் பெயரும் சட்டப்படியான பெயரும் வரும். தனி ஓனர் கம்பெனி என்றால் இரண்டாவது பெயர் அவருடையதாகவே இருக்கும். எதிர்மனுதாரர் பெயரையும் இதைப் பார்த்தே எழுதுங்கள். போர்டில் இருக்கும் பெயரில் மனு போட்டு, ‘அப்படி ஒரு நிறுவனமே இல்லை’ என்று திரும்பி வந்தவை நிறைய.

வாட்ஸ்அப் குழுவிலிருந்து நீக்கினாலும் பழைய உரையாடல் உங்கள் போனில் இருக்கும். போனை மாற்றாதீர்கள். ஸ்க்ரீன்ஷாட் மட்டும் போதாது, முழு உரையாடலையும் படங்களோடு எக்ஸ்போர்ட் செய்யுங்கள். மின்னணு ஆதாரத்துக்காக, பாரதிய சாக்ஷ்ய சட்டத்தின் (புதிய சாட்சியச் சட்டம்) 63-ம் பிரிவுச் சான்றிதழும் இணைக்க வேண்டும். அதில் முதல் பகுதி உங்களுக்கு, இரண்டாம் பகுதி நிபுணருக்கு. இரண்டாவதை விட்டுவிடுவதுதான் வழக்கமான பிழை.

மனுவுக்கு முன் ஒப்புகையுடன் ஸ்பீடு போஸ்ட்டில் ஒரு நோட்டீஸ். பாக்கியோடு சம்பளச் சீட்டும் அனுபவச் சான்றும் கேளுங்கள். “அட்வான்ஸில் கழித்துவிட்டோம்” என்று கோபத்தில் ஒரு பதில் வந்தால் அதைவிட நல்ல ஆதாரம் கிடையாது. அட்வான்ஸ் வேலையாளுக்குத்தானே கொடுப்பார்கள்!

காண்ட்ராக்டர் நடுவில் இருந்தால் இரண்டு பேரையும் எதிர்மனுதாரராகச் சேருங்கள். காண்ட்ராக்டர் கொடுக்கத் தவறினால் முதன்மை முதலாளி, அதாவது வேலை நடந்த கம்பெனி, கொடுக்க வேண்டும் என்பது முன்பு 1970-ம் ஆண்டு ஒப்பந்தத் தொழிலாளர் சட்டத்தின் 21(4) பிரிவு. இப்போது புதிய பணிப் பாதுகாப்புத் தொகுப்பில் 55-ம் பிரிவு. ஆனால் இது பொருந்துவதற்கான ஒப்பந்த ஆள் எண்ணிக்கை வரம்பு 20-லிருந்து 50 ஆகிவிட்டது, கவனம்.

மனு போடக் கெடு முன்பு 12 மாதம், புதிய ஊதியத் தொகுப்பில் மூன்று ஆண்டு. முதலாளி-வேலையாள் உறவே மறுக்கப்படும்போது பழைய தொழில் தகராறு சட்டத்தின் 33சி(2) வழியில் போகாதீர்கள். ஏற்கெனவே உறுதியான தொகையைக் கணக்கிடும் வழி அது. 1994-ல் கணேஷ் ரசாக் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் அதைத் தெளிவாக்கிவிட்டது.

விசாரணையில் வருகைப் பதிவேடு, சம்பளப் பதிவேடு, கேட் பதிவேடு ஆகியவற்றைக் கம்பெனி தாக்கல் செய்ய வேண்டும் என்று தனி மனு எழுதிக் கொடுங்கள். வாய்மொழியாகக் கேட்டால் பதிவாகாது. உத்தரவுக்குப் பிறகும் கொண்டுவராவிட்டால்தான் எதிர் அனுமானம் (பதிவேடு கம்பெனிக்குப் பாதகமானது என்று கொள்வது) கேட்க முடியும், அதுவும் தானாக வராது. குறுக்கு விசாரணையில் “நியமன உத்தரவு உண்டா?” என்பார்கள். இல்லை என்றால் இல்லை என்று சொல்லி நிறுத்துங்கள். 14 மாத ஆதாரத்தை வைத்துக்கொண்டு மூன்று வருடம் என்று நீட்டினால் அந்த 14-ம் போய்விடும்.

சமரசம் பேச வந்தால் தொகையைப் பார்க்கும் அதே கண்ணால் வாசகத்தையும் பாருங்கள். ‘கருணைத் தொகை’ என்று எழுதச் சொல்வார்கள். ‘சம்பள பாக்கி’ என்று, மாதங்களைக் குறிப்பிட்டு எழுதினால்தான் அதே தாளைப் பிஎஃப் அலுவலகத்திலும் காட்ட முடியும்.