அண்டரண்டப் பட்சியைத் தேடி இங்கினியாகலைக்கு

மட்டக்களப்பிலிருந்து இங்கினியாகலைக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் அங்குள்ள நீர்த்தேக்கத்தில் தீவுக்குத் தீவு நீந்தும் யானையைப் பார்க்கத்தான் போகிறார்கள். நான் போனது கடலாலாவுக்காக. வெள்ளை வயிறும் சாம்பல் முதுகும் கொண்ட இந்தக் கடற்கழுகுதான் இலங்கையின் வேட்டைப் பறவைகளுக்குள் பெரியது. சிறகு விரித்தால் நுனிக்கு நுனி 2 மீற்றர் வரும். கல்லடியிலும் நாவலடியிலும் வாவிக்கு மேலே அடிக்கடி காணலாம், ஆனால் எல்லாம் எட்டாத உயரத்தில். கிட்டத்தில் ஒருதரமாவது பார்த்துவிட வேண்டும் என்பது நெடுநாள் ஆசை.

காத்தான்குடி, களுவாஞ்சிக்குடி, கல்முனை என்று கடற்கரை ரோட்டிலேயே போய், காரைதீவுச் சந்தியில் சம்மாந்துறை நண்பனை ஏற்றிக்கொண்டேன். அங்கிருந்து உள்ளுக்குத் திரும்பினால் இரண்டு பக்கமும் வயல். உழவு நடந்த ஒரு வயலில் டிராக்டருக்குப் பின்னால் கொக்குக் கூட்டம், அதற்கு மேலே இரண்டு செம்பருந்துகள். எங்கள் கோயில்களில் கும்பாபிஷேகம் நடக்கும்போது, கலசத்துக்கு நீர் சொரிகிற நேரத்தில் சனமெல்லாம் அண்ணாந்து தேடுவது இந்தப் பறவையைத்தான். "கருடன் வந்திட்டார்!" என்று யாராவது கத்தினால் அரோகரா வானத்தைப் பிளக்கும். கையில் தூக்கினால் அரைக் கிலோதான் இருக்கும். ஆனால் அந்த நேரத்தில் அதைக் கண்டு கண் கலங்காதவரை நான் பார்த்ததில்லை.

மகாபாரதத்தில் வரும் கருடனோ வேறு அளவு. அமுதம் எடுக்கப் போகும் வழியில் பசி வந்துவிட, ஓயாமல் சண்டை பிடித்துக்கொண்டிருந்த ஒரு யானையையும் ஆமையையும் காலுக்கு ஒன்றாகத் தூக்கிக்கொண்டு பறக்கிறான். இருந்து சாப்பிட இடம் தேடி ஒரு பெருமரத்தில் இறங்க, கொப்பே முறிந்துபோகிறது. இதை நான் சொன்னதும் நண்பன் விட்டுக்கொடுக்கவில்லை. "எங்கட மூத்தம்மா சொன்ன கதையில ருக் பட்சி தன்ட குஞ்சுக்குத் தீனியாகவே யானையைக் கொண்டுபோய்க் குடுக்கும் மச்சான்" என்றான். சிந்துபாத் தலைப்பாகையை அவிழ்த்துத் தன்னை அதன் காலோடு கட்டிக்கொண்டு தப்பினானே, அதே பறவை. நமது கதைகளில் வரும் இராட்சதப் பறவையான அண்டரண்டப் பட்சிக்கும் யானைதான் இரை. மார்க்கோ போலோவும் மடகாஸ்கர்ப் பக்கத்து ருக் பறவை யானையைத் தூக்கிக் கீழே போட்டுக் கொல்லும் என்று கேட்டு எழுதிவைத்தார். அந்தத் தீவில் உண்மையாகவே ஒரு பேருருப் பறவை இருந்தது, ஓர் அடி நீள முட்டையிடும் யானைப்பறவை. ஆனால் அது பறக்காது, புல் பூண்டு தின்னும் சாது.

ஏன் எல்லாருடைய கதையிலும் யானை? பறவை எவ்வளவு பெரிது என்று காட்ட, அது எதைத் தின்கிறது என்று சொல்வதைவிட நல்ல வழி இல்லை. இரைதான் அளவுகோல். விஞ்ஞானத்திலும் அப்படித்தான் என்பதை யோசித்துக்கொண்டே இங்கினியாகலை அணைக்கட்டுக்கு வந்து சேர்ந்தோம்.

பட்டிப்பளை ஆற்றை மறித்து 1949இல் தொடங்கிய கல்லோயாத் திட்டத்தில் பிறந்தது சேனநாயக்க சமுத்திரம் என்ற இந்த நீர்த்தேக்கம். சுற்றியுள்ள காடு 1954இல் தேசிய பூங்காவானது. தண்ணீர் ஏறியபோது மூழ்கிய மரங்கள் பட்டுப்போய் இன்னும் நிற்கின்றன. நீர்க்காகங்களும் கழுகுகளும் குந்துவது அவற்றில்தான். போட் ஓட்டியவர் சிங்களவர், தமிழும் கொஞ்சம் பேசுவார். ஒரு திருப்பத்தில் இன்ஜினை நிறுத்திவிட்டு, "மாத்தயா, அங்க" என்று மெதுவாகக் கையைக் காட்டினார்.

பட்டமரத்தின் உச்சியில் அது. ஒரு காலால் மீனைக் கிளையோடு அழுத்திப் பிடித்திருந்தது. மீன் இன்னும் வாலை அடித்துக்கொண்டிருக்க, செவுளுக்குப் பின்னாலிருந்து கிழித்துக் கிழித்துத் தின்றது. ஒவ்வொரு துண்டுக்கும் தலையை நிமிர்த்தி எங்களை ஒருதரம் பார்த்துக்கொண்டது. பாக்குவெட்டி போல வளைந்த அலகு, நுனி கறுப்பு. கால்விரல்கள் மஞ்சளாக, என் விரலளவு தடிப்பு. தின்று முடித்ததும் அலகை மரத்தில் இரண்டு பக்கமும் தேய்த்துத் துடைத்தது. பிறகு வாத்து கத்துவதுபோல உரத்த குரல் கொடுக்க, தூரத்தில் எங்கிருந்தோ சோடி பதில் சொன்னது. ஒரே சோடியோடு ஆண்டாண்டாக வாழும் பறவை, பழைய கூட்டையே திரும்பத் திரும்பச் சுள்ளி அடுக்கிப் பெருப்பிக்கும்.

இவ்வளவு பெரிய பறவைக்கும் எடை நாலு, நாலரைக் கிலோவுக்கு மேல் போகாது. தன் எடையளவு சுமையைத் தூக்கிப் பறப்பதே எந்தக் கழுகுக்கும் பெரும்பாடு. பெரிய மீன் அகப்பட்டால் தூக்காமல் தண்ணீர் மேலேயே இழுத்துக்கொண்டு கரைக்குப் போகும்.

நியூசிலாந்தில் இருந்த ஹாஸ்ட் கழுகு இரையைத் தூக்கவே முயலவில்லை. பெட்டைக்கு 10 முதல் 15 கிலோ எடை, 3 மீற்றருக்குக் கிட்டச் சிறகு, புலி நகத்தளவு நகம். அது வேட்டையாடியது மோவா என்ற பறக்காத பறவையை. பெரிய மோவா 200 கிலோவைத் தாண்டும். பக்கவாட்டில் பாய்ந்து இடுப்பெலும்பை நகத்தால் துளைத்துச் சாய்த்துவிட்டு அங்கேயே இருந்து தின்னும். அந்தத் துளைகள் பதிந்த மோவா எலும்புகள் கிடைத்திருக்கின்றன. சிங்கமோ புலியோ இல்லாத தீவில் அந்த இடத்தைப் பிடித்தது ஒரு கழுகு. மாவோரிகள் வந்து மோவாவை வேட்டையாடித் தீர்த்தார்கள். 1400ஆம் ஆண்டளவில் கழுகும் போய்விட்டது. யாரும் அதைக் கொன்று முடிக்க வேண்டியிருக்கவில்லை, சாப்பாடு முடிந்தது, அவ்வளவுதான்.

எனக்கு இதில் மிகவும் பிடித்தது, 2005இல் அதன் எலும்பு டி.என்.ஏ. சொன்ன உறவுமுறை. அதன் நெருங்கிய சொந்தங்களில் ஒன்று பூட்டட் ஈகிள் எனும் சின்னக் கழுகு, ஒரு கிலோ தேறுவதே கடினம். கால் முழுக்க இறகு மூடியிருக்கும், தோளில் வெள்ளைப் பொட்டு தெரியும். குளிர்காலத்தில் எப்போதாவது இலங்கைக்கும் வரும். இந்த அளவுப் பறவை ஒன்று மோவாக்கள் நிறைந்த தீவில் போய்ச் சேர்ந்து, பரிணாமக் கணக்கில் கண்மூடித் திறப்பதற்குள் பத்துப் பதினைந்து மடங்கு பெருத்திருக்கிறது.

இந்தக் கழுகுகளையெல்லாம் விடப் பெரியது ஆர்ஜென்டினாவில் ஏறத்தாழ 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன் பறந்த ஆர்ஜென்டாவிஸ் என்ற பறவை. எடை 70 கிலோ, சிறகு 6 மீற்றருக்கும் மேல் என்று கணிக்கிறார்கள். மலைச்சரிவுக் காற்றில் மிதந்தே திரிந்திருக்கும்.

திரும்பும் வழியில் நண்பன் சடாயுவைப் பற்றிக் கேட்டான். சீதைக்காக இராவணனோடு மோதிச் சிறகறுந்த கழுகரசன். அவனுடைய இனமான பிணந்தின்னிக் கழுகு இலங்கையில் வாழ்வதில்லை. இந்தியாவில் வானம் நிறைய இருந்தது. மாடுகளுக்குக் கொடுத்த டைக்ளோஃபெனாக் என்ற வலி மருந்து, செத்த மாட்டின் இறைச்சி வழியே கழுகுகளின் சிறுநீரகத்தைக் கெடுத்தது. 1990களில் தொடங்கிப் பத்துப் பதினைந்து வருடத்துக்குள் சில இனங்களில் நூற்றுக்கு 95க்கும் மேல் அழிந்தன. 2006இல் மாட்டு வைத்தியத்தில் அதைத் தடை செய்தார்கள். ஹாஸ்ட் கழுகுக்கு இரை தீர்ந்தது, இவற்றுக்கு இரையே நஞ்சானது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு நெஞ்சு கனக்கிறது.

போகிறவர்களுக்கு: விடியற்காலைப் போட்தான் நல்லது, வெயில் ஏறினால் கழுகுகளும் மேலே ஏறிவிடும். யானையையும் சேர்த்துப் பார்ப்பதென்றால் மார்ச்சிலிருந்து யூலை வரை போங்கள். தொலைநோக்கி கட்டாயம். கூடு கண்ணில் பட்டால் போட்டைக் கிட்டக் கொண்டுபோகச் சொல்லிக் கேட்க வேண்டாம், வெருண்டால் முட்டையை விட்டே போய்விடும். இங்கினியாகலை வரை போக முடியாதவர்கள் காலையில் நாவலடி முகத்துவாரத்தில் நின்று பாருங்கள், கடலாலா அங்கேயும் வரும்.