பாட்டு எங்கே?

12 வருடமாக பெங்களூரு அல்சூரில் கல்யாண வீடியோ எடிட் செய்து பிழைக்கிறேன். முதல் வேலையே நாதஸ்வரத்தின் ஒலியை அணைப்பதுதான். மேலே ஒரு சினிமாப் பாட்டைப் போர்த்திவிட்டால் பெண் வீட்டாருக்குத் திருப்தி, எனக்கும் நேரத்தோடு தூக்கம்.

போன மாதம் நண்பன் ஒருவன் ‘ஹேமா’ பார் என்றான். யாரோ பெண்ணைப் பற்றிய படம் என்று நினைத்தேன். ஐஸ்லாந்து மொழியில் ‘வீட்டில்’ என்று பொருளாம். சிகூர் ரோஸ் என்ற இசைக்குழு உலகமெல்லாம் சுற்றிவிட்டு ஊர் திரும்பி, 2006 கோடையில் ஐஸ்லாந்தின் சிற்றூர்களில் இலவசமாக வாசித்ததைப் பற்றிய ஆவணப்படம், 2007இல் வந்தது.

ஜூபாவிக் என்ற இடத்தில் 1935இல் திறந்து 1954இல் மூடிய ஹெரிங் மீன் ஆலை ஒன்று இருக்கிறது. அதன் காலி எண்ணெய்த் தொட்டிக்குள் நின்று வாசிக்கிறார்கள். நானாக இருந்தால் அந்த எதிரொலியைத்தான் முதலில் துடைத்திருப்பேன். இன்னோரிடத்தில், அணை கட்டுவதை எதிர்த்து முகாமிட்டவர்களுக்காக மின்சாரமே இல்லாமல் வாசிக்கிறார்கள்.

அன்றிரவு பழைய ஹார்ட் டிஸ்க்கைத் தோண்டினேன். மூன்று வருடத்துக்கு முந்தைய முகூர்த்தம், விடியற்காலை நாலரை மணி. நாதஸ்வரக்காரர் சீவாளியை வாயில் நனைத்துக்கொண்டிருக்கிறார். தவில்காரர் விரல்களில் கூடு மாட்டுகிறார். உள்ளே கரண்டி விழும் ஓசை. யாரோ கன்னடத்தில் “காபி ஆய்தா?” என்கிறார்கள். பிறகு மெல்ல பூபாளம். மண்டபத்தின் தகரக் கூரை அதைத் திருப்பி அனுப்புகிறது. இதையெல்லாம் எடுத்தவன் நான்தான். ஒரு முறைகூடக் கேட்டதில்லை.

தாலி கட்டும்போது அபசகுனமான சத்தம் எதுவும் காதில் விழக்கூடாது என்றுதானே கெட்டிமேளம்? நான் அந்தக் கெட்டிமேளத்தையே வேண்டாத சத்தமாக்கி வைத்திருக்கிறேன்.

சென்ற வாரக் கல்யாணத்தைப் பாட்டே இல்லாமல் கொடுத்துப் பார்த்தேன். மறுநாளே பெண்ணின் அப்பா அழைத்தார். “வீடியோ நன்றாக இருக்கிறது தம்பி. பாட்டு எங்கே?”

போட்டேன். ஆனால் மூன்றாம் முடிச்சு விழுந்த பிறகுதான் பாட்டு தொடங்கும். அதற்கு முன்னால் நாலு நிமிடம் நாதஸ்வரம், தவில், கரண்டி, காபி. நேற்று அனுப்பினேன், இன்னும் போன் வரவில்லை.