‘இட் ஹேப்பண்டு ஒன் நைட்’: பார்வைக் குறிப்புகள்

பிப்ரவரி 22, 2024

படத்துக்கு இன்று தொண்ணூறு வயது. 1934-ல் இதே தேதியில் நியூயார்க் ரேடியோ சிட்டி மியூசிக் ஹாலில் வெளியானது. தயாரித்தது கொலம்பியா, அன்று பெரிய ஸ்டூடியோக்களின் வரிசையில் அதற்கு இடமில்லை. கிளார்க் கேபிளை எம்.ஜி.எம்மிடமும் கிளாடெட் கோல்பர்ட்டைப் பாரமவுண்டிடமும் இரவல் வாங்கினார்கள். கோல்பர்ட் வழக்கமான சம்பளத்தைப்போல் இரு மடங்கு, 50,000 டாலர் கேட்டார். நான்கே வாரத்தில் முடித்துவிட வேண்டும் என்பதிலும் கறார். மொத்த பட்ஜெட்டே சுமார் 3,25,000 டாலர்தான். பேருந்து, சாலை, வாடகைக் குடில் என்று கதையும் அதற்குத் தோதானது. காதலைச் சொல்லும் வேலையை இயக்குநர் பிராங்க் காப்ராவும் எழுத்தாளர் ராபர்ட் ரிஸ்கினும் கைக்குக் கிடைத்த சாமான்களிடம் ஒப்படைத்துவிட்டார்கள்.

பிப்ரவரி 23

பார்க்குமுன் டிவி செட்டிங்கைச் சரிபார்க்கவும். படத்தின் சட்டகம் 1.37:1 (அகலத்துக்கும் உயரத்துக்கும் உள்ள விகிதம்). அகன்ற டிவியில் இருபுறமும் கறுப்புப் பட்டை வரும், வரட்டும். திரையை நிரப்ப இழுத்தால் முகம் எல்லாம் தட்டையாகும். ‘ஜூம்’ போட்டால் உயரத்தில் கிட்டத்தட்ட கால் பங்கு வெட்டுப்படும்.

பிப்ரவரி 24

கயிறும் போர்வையும். பத்திரிகைக்காரன் பீட்டரும் (கேபிள்) வீட்டைவிட்டு ஓடிவந்த பணக்காரப் பெண் எல்லியும் (கோல்பர்ட்) ஒரே குடிலில் இரவு தங்கவேண்டிய கட்டாயம். இரண்டு கட்டிலுக்கும் நடுவே கயிறு கட்டிப் போர்வையைத் தொங்கவிடுகிறான். அதற்கு வைக்கும் பெயர் ‘எரிகோவின் மதில்’. பைபிளில் எக்காளம் ஊதி விழவைத்த மதில் அது. என்னிடம் எக்காளம் இல்லை, பயப்படாதே என்கிறான். கடைசிக் காட்சிக்கான விதையை இங்கேயே ஊன்றிவிடுகிறார்கள். அங்கே பொம்மை எக்காளச் சத்தம் கேட்கிறது, போர்வை தரையில் விழுகிறது. இருவர் முகத்தையும் காட்டுவதே இல்லை. ஹாலிவுட்டின் தணிக்கை நெறிமுறையைக் கண்டிப்பாக அமலாக்கத் தொடங்கியது அந்த ஆண்டு ஜூலையில்தான். அதற்குமுன் வந்த படம் இவ்வளவு அடக்கமாக இருந்தது கட்டாயத்தால் அல்ல என்றே படுகிறது.

இதே இடத்தில்தான் ஆண் உடை களையும் முறை பற்றிய பாடமும் வருகிறது. கோட், டை, சட்டை, பிறகு ஷூ: முதலில் வலது, அடுத்து இடது. சட்டைக்குள் பனியன் இல்லை. அதைப் பார்த்து அமெரிக்காவில் பனியன் வியாபாரமே படுத்துவிட்டது என்பார்கள்; அதற்கு நம்பத்தகுந்த கணக்கை யாரும் காட்டியதில்லை.

பிப்ரவரி 25

கட்டைவிரல். கார்களை நிறுத்த மூன்று வகையாக விரலைக் காட்டலாம் என்று பீட்டர் வேலியோரமாக, கையில் கேரட்டோடு, வகுப்பே எடுக்கிறான். பிறகு கார்கள் சர்சர்ரென்று போகின்றன, ஒன்றும் நிற்கவில்லை. எல்லி பாவாடையைச் சற்றுத் தூக்குகிறாள், அடுத்த காரே கிறீச்சிட்டு நிற்கிறது. பாடம் நீளமாக இருப்பதால்தான் சிரிப்பு வருகிறது; அதைச் சுருக்கினால் அவன் தோற்பதில் ருசியே இருக்காது. கோல்பர்ட் முதலில் காலைக் காட்ட மறுத்தார். வேறொரு பெண்ணை நிறுத்திப் படம்பிடிக்கப் போனதும், அது என் கால் மாதிரியே இல்லை என்று தானே வந்து நின்றாராம்.

பிப்ரவரி 27

1935-ல் இதே நாளில் ஆஸ்கர். சிறந்த படம், இயக்குநர், நடிகர், நடிகை, திரைக்கதை என முக்கியமான ஐந்தும் ஒரே படத்துக்குப் போனது அதுவே முதல் முறை. கோல்பர்ட்டை ரயில் நிலையத்திலிருந்து அழைத்துவர வேண்டியிருந்தது.

மார்ச் 1

நம் ஊர்த் தொடர்பு: இதே கதையைத் தழுவிச் சென்னையின் ஏ.வி.எம். தயாரித்த இந்திப் படம் ‘சோரி சோரி’ (1956), ராஜ் கபூர்–நர்கீஸ். அங்கே சாமான்களின் வேலையைச் சங்கர்–ஜெய்கிஷனின் பாட்டுகள் எடுத்துக்கொண்டன. கேட்க இனிமைதான், ஆனால் மூலத்தின் சிக்கனம் போய்விட்டது.

மார்ச் 2

ரசீது. மகளைக் கண்டுபிடித்தால் 10,000 டாலர் என்று அப்பா அறிவித்திருக்கிறார். பீட்டர் அவரிடம் நீட்டுவதோ 39.60 டாலருக்கான கணக்கு: ரொக்கச் செலவு 8.60, மேல்கோட்டு 15, பெட்டி 7.50, தொப்பி 4, மூன்று சட்டை 4.50. பெட்ரோல் வாங்க விற்ற சாமான்கள் இவை. உள்ளாடையும் காலுறையும்கூட விற்றானாம், அவற்றுக்குக் காசு கேட்கவில்லை. என் மகளைக் காதலிக்கிறாயா என்கிறார் அப்பா. மழுப்புகிறான். மறுபடி கேட்கிறார், மறுபடியும் மழுப்பல். மூன்றாம் தடவை ‘ஆமாம்’ என்று கத்துகிறான், ஏதோ கடனை ஒப்புக்கொள்கிறவன்போல.