வகுத்த எண்ணைப் பாருங்கள்

போன கிழமை பெறுபேறு வந்தது. சி பிளஸ். கொண்டாடும் அளவுக்கு இல்லை; ஆனால் பக்கத்தில் ரிப்பீட் என்ற குறி இல்லை. அது போதும்.

வரவு 80 வீதத்துக்குக் குறைந்தால் எங்களைப் பரீட்சை எழுத விடமாட்டார்கள். பரீட்சைக்கு ஒன்பது நாள் இருக்க, அப்படித் தகைமையற்றோர் பட்டியல் ஒட்டினார்கள். 30 விரிவுரைக்கு என் வரவு 23. 76.7 வீதம். டெங்குவில் கிடந்த நாட்களுக்கு நேரத்தோடு மெடிக்கல் கொடுக்காதது என் பிழைதான். அன்றிரவே பஸ் ஏறித் திருகோணமலைக்கு வந்துவிட்டேன். காலையில் அப்பா ஒரு சட்டத்தரணியிடம் கூட்டிப்போனார். வாசலில் செருப்பைக் கழற்றுவதற்குள் என் கோவையின் மூலையை ஒரு மான் சப்பத் தொடங்கியிருந்தது. எங்கள் ஊரில் இது செய்தியே இல்லை.

"தம்பி, இதை இங்கத்தைய மேல் நீதிமன்றத்தில போட ஏலாது," என்றார். பல்கலைக்கழகம் மாகாண சபை விடயம் இல்லை. பல்கலைக்கழகத்தின் முடிவை நீக்க எழுத்தாணை (ரிட்) கேட்பதென்றால் அரசியலமைப்பின் 140ஆம் உறுப்புரையின் கீழ் கொழும்பில் மேன்முறையீட்டு நீதிமன்றம். அடிப்படை உரிமை மீறல் என்றால் உயர் நீதிமன்றம், ஒரே மாதத்துக்குள். அப்புறம் கேட்டார்: "அந்த 30 சரியோ? எண்ணிப் பாத்தீரோ?"

நான் 23ஐத்தான் நூறு தரம் எண்ணியிருந்தேன்.

தகவல் அறியும் சட்டத்தில் விண்ணப்பித்தால் முடிவு சொல்லவே 14 வேலை நாள் இருக்கிறது, பரீட்சை முடிந்துவிடும். திரும்பிப் போய்த் துறை அலுவலகத்தில் நின்று வரவுப் பதிவேட்டைப் படம் எடுத்தேன். இரண்டு நிரலில் ஒருவருடைய கையொப்பமும் இல்லை. ஒன்று போயா தினம், பௌர்ணமி விடுமுறை! மற்றது விரிவுரையாளர் வராத நாள். நடந்தது 28. 23ஐ 28ஆல் வகுத்தால் 82.1.

சரி, உங்களுக்கு:

- பட்டியலைக் கண்டதும் அழுகைக் கடிதம் எழுத வேண்டாம். என் கடிதத்தில் டெங்குவே இல்லை. திகதிகளும் ஒரு வகுத்தலும்தான், ஒரு பக்கம்.
- பீடாதிபதிக்குக் கொடுங்கள், பிரதி பதிவாளருக்கு. உங்கள் பிரதியில் திகதி முத்திரை வாங்காமல் வெளியே வராதீர்கள்.
- மறுப்பை எழுத்தில் கேளுங்கள்.
- "புள்ளி குறைவு" என்று நீதிமன்றம் போவது வீண். கல்விசார் தீர்ப்பில் நீதிபதிகள் தலையிடத் தயங்குவார்கள். விதியை மீறினார்கள், விளக்கம் கேட்கவில்லை என்பதுதான் எடுபடும்.
- உயர் நீதிமன்றத்துக்குள்ள அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவுக்கு முறையிட்டால், விசாரணை நிலுவையில் உள்ள காலம் கணக்கில் சேராது (1996ஆம் ஆண்டின் 21ஆம் இலக்கச் சட்டம்). வெறும் ரசீதை மட்டும் நம்பியிருக்க வேண்டாம்.

பரீட்சைக்கு இரண்டு நாள் முன்பு என் பெயரை வெட்டினார்கள். என் பெயரை மட்டும். அதே 23 வரவோடு இன்னொருவனும் பட்டியலில் இருந்தான். படத்தை அனுப்பிச் சொன்னேன். "ஆபீசில பாப்பம் எண்டவங்கள், மச்சான்," என்று இருந்துவிட்டான். ஐந்து கிழமை கழித்து அவனை அதே சட்டத்தரணியிடம் கூட்டிப்போனேன். கோவையைத் திறக்கவில்லை, பட்டியல் ஒட்டிய திகதியைத்தான் முதலில் கேட்டார்.