ஆறு மாதக் கெடு

ஏப்ரல் 22

பிராதில் கையெழுத்துப் போட்டுவிட்டேன். ஏற்றதை ஆற்றக் கோரும் வழக்கு. கிரய ஒப்பந்தம் போட்டவர் எனக்கு இடத்தை எழுதித் தர வேண்டும். தராவிட்டால் நீதிமன்றமே அவர் சார்பில் எழுதித் தர வேண்டும். முன்பணம் கால் பங்கு கொடுத்திருக்கிறேன். மீதியைக் கொடுத்துக் கிரயம் முடிக்க ஒப்பந்தத்தில் ஆறு மாதம் கெடு. 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டப்படி, அந்தக் கெடு முடிந்த நாளிலிருந்து மூன்று ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். இன்னும் 18 நாள் இருக்கிறது. வக்கீல் தேதியைப் பார்த்துவிட்டுக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், ஒன்றும் சொல்லவில்லை. எனக்கு நல்லவேளை என்றுதான் தோன்றியது.

கிரயம் கிடைக்காவிட்டால் முன்பணத்தையாவது வட்டியோடு திருப்பித் தரும்படி ஒரு மாற்றுப் பரிகாரமும் சேர்க்கலாம் என்றார். எனக்கு இடம்தான் வேண்டும், பணத்தைக் கேட்டால் நாமே இறங்கி வந்த மாதிரி ஆகாதா என்றேன். "கேட்காததைக் கோர்ட் கொடுக்காது சார். அப்புறம் திருத்த மனு போடலாம்தான், ஆனா இப்பவே எழுதிடுவோம்" என்றார். சரி என்று விட்டுவிட்டேன்.

ஜூலை 3

வக்கீல் குமாஸ்தாவிடம் பேசும்போது "என் இடத்துல" என்று சொல்லிவிட்டேன். சிரித்துவிட்டார். வெறும் ஒப்பந்தத்தால் சொத்தில் எந்த உரிமையும் வராது என்று 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 54-ஆவது பிரிவே சொல்கிறதாம். என்னிடம் இருப்பது கிரயம் கேட்கும் உரிமை மட்டும். மூன்று வருடமாக எல்லோரிடமும் என் இடம் என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தேன்.

ஆகஸ்ட் 7

எதிருரை வந்தது. இடத்துக்காரர் என்னிடம் கடன் வாங்கினாராம், அதற்கு ஈடாக வெற்றுத்தாளில் கையெழுத்து வாங்கி நான் ஒப்பந்தமாக நிரப்பிக்கொண்டேனாம். படித்ததும் கை நடுங்கியது. ஜூனியர் வக்கீலோ, இந்த மாதிரி வழக்குக் கட்டுகளில் முக்கால்வாசியில் இதே பத்திதான் என்றார் சாவகாசமாக.

இதில் நீதிமன்றம் எதையெல்லாம் பார்க்கும் என்று கேட்டேன். ஒப்பந்த விலை அன்றைய சந்தை விலையோடு ஒத்துப்போகிறதா, சுவாதீனம் யாரிடம், வட்டி கட்டியதற்குத் தடம் உண்டா, முத்திரைத்தாள் வாங்கிய தேதி என்ன, சாட்சிகள் யார். விலை சரியான விலைதான். மூலப்பத்திரமும் என்னிடம் இருக்கிறது என்று பெருமையாகச் சொன்னேன். "அது ரெண்டு பக்கமும் வெட்டும் சார். கடன் கொடுக்கிறவங்களும் மூலப்பத்திரத்தைத்தான் வாங்கி வச்சுக்குவாங்க."

செப்டம்பர் 18

வாய்தா.

அக்டோபர் 30

வாய்தா. நீதிபதி விடுப்பு.

பிப்ரவரி 12

கூண்டில் ஏறினேன். கையெழுத்தைப் பற்றித்தான் கேட்பார்கள் என்று இரவெல்லாம் பதில் தயாரித்திருந்தேன். எதிர்த்தரப்பு வக்கீல் ஒப்பந்தத்தைக் கையில்கூட எடுக்கவில்லை.

கெடு முடிந்த அன்று உங்கள் வங்கிக் கணக்கில் எவ்வளவு இருந்தது என்று கேட்டார். பாஸ்புக்கைக் காட்டினார்கள். தர வேண்டிய மீதியில் பத்தில் ஒரு பங்குகூட இல்லை. நண்பர்கள் தருவதாக இருந்தார்கள் என்றேன். யார், சாட்சி சொல்ல வருவார்களா? வரமாட்டார்கள். கிரயம் முடிக்க வரச் சொல்லி அந்த ஆறு மாதத்தில் ஏதாவது கடிதம்? வாயால் சொன்னேன். முதல் வக்கீல் நோட்டீஸ் எப்போது? கெடு முடிந்து இரண்டு வருடம் எட்டு மாதம் கழித்து. ஒவ்வொன்றும் "சரிதான்" என்று தட்டச்சாவதைக் கேட்டுக்கொண்டே நின்றேன்.

வாங்குபவர் தன் பங்கை நிறைவேற்ற எப்போதும் தயாராகவும் விருப்பமாகவும் இருந்ததை நிரூபிக்க வேண்டும்; குறித்தவகைப் பரிகாரச் சட்டத்தின் 16(சி). பணத்தைக் கட்டாகக் கொண்டுவந்து காட்ட வேண்டியதில்லை, புரட்டும் வழி இருந்ததையாவது காட்ட வேண்டும். விருப்பம் என்னிடம் நிறையவே இருந்தது.

பிப்ரவரி 13

தூக்கம் இல்லை. அந்தச் சட்டத்தின் 2018 திருத்தத்துக்குப் பிறகு, கிரயத் தீர்ப்பு தருவதா வேண்டாமா என்கிற நீதிபதியின் விருப்புரிமை போய்விட்டது, ஒப்பந்தம் உண்மையானால் தீர்ப்பு நமக்குத்தான் என்று யாரோ சொன்னதைப் பிடித்துக்கொண்டிருந்தேன். விருப்புரிமை போனாலும் 16(சி) கேட்கும் நிரூபணம் அப்படியேதான் இருக்கிறது என்கிறார் வக்கீல். 2011-இல் உச்ச நீதிமன்றம் சொன்ன ஒரு தீர்ப்பையும் படிக்கக் கொடுத்தார். காலவரையறைக்குள் போட்டுவிட்டார் என்பதற்காகவே, ஒப்பந்தத்தில் எழுதிய கெடுவைக் கண்டுகொள்ளாமல் கிரயத் தீர்ப்பு தர வேண்டியதில்லை என்கிறது. நில விலை ஏறுகிற காலத்தில் சொற்ப முன்பணத்தைக் கொடுத்துவிட்டு ஆண்டுக்கணக்கில் காத்திருப்பவர்களைப் பற்றிய பகுதியை இரண்டு முறை படித்தேன்.

அந்த இரண்டு வருடம் எட்டு மாதம் நான் ஏன் சும்மா இருந்தேன்? விலை அப்படியே கிடந்தது, அதனால்தான். பக்கத்தில் சாலை வருகிறது என்று தெரிந்த பிறகுதான் நோட்டீஸ் போட்டேன். இதை இன்னும் வக்கீலிடம்கூடச் சொல்லவில்லை.

இடத்துக்காரரும் யோக்கியர் இல்லை. கடன் கதை முழுப் பொய். மார்ச் 5-ஆம் தேதி அவர் கூண்டில் ஏறுவார், வட்டி கட்டியதற்கு ஒரு சீட்டுகூட அவரால் காட்ட முடியாது. அதைத்தான் நம்பியிருக்கிறேன்.

சாயங்காலம் பிராது நகலை எடுத்துக் கடைசிப் பக்கத்தில் அந்த மாற்றுப் பரிகாரப் பத்தியைத் தேடினேன், எந்தத் தேதியிலிருந்து வட்டி கேட்டிருக்கிறார் என்று பார்க்க. முன்பணம் கொடுத்த நாளிலிருந்தே கேட்டிருக்கிறார்.