29 பேரில் 17 பேர்

நியூசிலாந்தின் ஆக்லாந்தில் ஒரு குளிர்பதனக் கிடங்கில் எனக்கு ஷிஃப்ட் சூப்பர்வைசர் பொறுப்பு கொடுத்தார்கள். அந்த ஷிஃப்டில் பாதிப்பேர் என்னைவிட மூத்தவர்கள். யாரும் எதிர்த்துப் பேசவில்லை. ஆனால் நான் உள்ளே நுழைந்தால் பேச்சு நின்றுவிடும். இரண்டு மாதம் அப்படியே போனது.

வேலைக்குப் போகும் வழியில் ஈடன் பார்க் ரக்பி மைதானத்தில் ஒரு சிலை இருக்கிறது. பழைய நியூசிலாந்து ரக்பி அணித்தலைவர் டேவ் கல்லஹர். அவரும் எங்கள் தொழில்காரர், இறைச்சியை உறையவைக்கும் ஆலையில் ஃபோர்மேன் என்று தெரிந்த பிறகுதான் நின்று பார்த்தேன். அயர்லாந்தின் டோனிகலில் பிறந்து, 4 வயதில் கப்பலில் வந்தவர். தென்னாப்பிரிக்காவில் நடந்த போயர் போருக்குப் போய்த் திரும்பியவர்.

1905-இல் பிரிட்டனுக்குப் புறப்பட்ட நியூசிலாந்து அணிக்கு அவரைத் தலைவராக்கியது நாட்டின் ரக்பி நிர்வாகமான ரக்பி யூனியன். ஆட்டக்காரர்களைக் கேட்கவில்லை. சம்பளம் கிடையாது, நாளுக்கு 3 ஷில்லிங் படி மட்டும். கப்பலிலேயே முணுமுணுப்பு கிளம்பியது. கல்லஹர் யாரையும் அதட்டவில்லை. பதவி விலகுகிறேன் என்றார். துணைத்தலைவர் பில்லி ஸ்டெட், காலணி தைப்பவர், அவரும் அதையே சொன்னார். மேலாளர் ஏற்கவில்லை. ஆனாலும் வாக்கெடுப்பு நடந்தது. ஆதரவு 29 பேரில் 17 பேர்தான்.

அந்த எண்ணைப் படித்த இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. வேண்டாம் என்று நினைத்தவர்களையும் சேர்த்துக்கொண்டுதான் அவர் களமிறங்கினார். முதல் ஆட்டத்தில் இங்கிலாந்தின் டெவன் அணியை 55-4 என்று வென்றார்கள். மொத்தம் 35 ஆட்டங்களில் 34 வெற்றி. இரு அணியினரும் தோள்கோத்துத் தள்ளும் ஸ்க்ரமின் ஓரத்தில் அவர் நின்ற விங் ஃபார்வர்டு இடத்தை வைத்து, விதியை ஏமாற்றுகிறார் என்று பிரிட்டிஷ் பத்திரிகைகள் ஏசின. தோற்ற ஒரே ஆட்டம் கார்டிஃபில், டிசம்பர் 16 அன்று, வேல்ஸிடம் 0-3. நியூசிலாந்து ஆட்டக்காரர் பாப் டீன்ஸ் புள்ளி கிடைக்கும்படி கோட்டுக்கு அப்பால் பந்தை ஊன்றினாரா என்ற வழக்கு இன்னும் ஓயவில்லை. அன்று கல்லஹர் சொன்னது, சிறந்த அணி வென்றது என்பதுதான். முதல் உலகப் போரில், 1917-இல் பெல்ஜியத்தின் பாஷண்டேல் சண்டையில் இறந்தார், வயது 43.

மறுவாரம் எங்கள் ஷிஃப்டின் மூத்தவரைத் தனியே அழைத்தேன். "நான் வேண்டாம் என்று நீங்கள் நினைத்தால் சொல்லுங்கள், நானே மேலே பேசிப் பொறுப்பை விட்டுவிடுகிறேன்" என்றேன். ஒப்புக்குச் சொல்லவில்லை, விடத் தயாராகத்தான் போயிருந்தேன். அவர் வெகுநேரம் ஒன்றும் பேசவில்லை. பிறகு என் கையிலிருந்த லோடிங் பட்டியலை வாங்கி, இரண்டு மாதமாக நான் எந்த வரிசையைத் தப்பாகப் போட்டுவருகிறேன் என்று விரல் வைத்துக் காட்டினார்.