நீலாயதாட்சி என்று ஒரு பெயர்

மீனாட்சி, காமாட்சி, விசாலாட்சி என்ற பெயர்களைத் தமிழ்நாட்டில் எந்த ஊரிலும் கேட்கலாம். மதுரையையும் காஞ்சியையும் காசியையும் கண்ணால் பார்க்காத குடும்பங்களில்கூட அந்தப் பெயர்களில் பெண்கள் இருக்கிறார்கள். அதே வரிசையில் வைத்துப் போற்றப்படும் நாகப்பட்டினத்து நாயகியின் பெயரை மட்டும் கீழத்தஞ்சைக்கு அப்பால் அரிதாகத்தான் கேட்க முடிகிறது. நீலாயதாட்சி. என் அப்பாவைப் பெற்ற பாட்டிக்கு அந்தப் பெயர். அவருக்குப் பிறகு எங்கள் வீட்டில் யாருக்கும் வைக்கவில்லை.

தம்பிக்குப் பெண் பிறந்தது. நட்சத்திரம் அனுஷம். அனுஷத்துக்கு ந, நி, நு, நே என்று நாம எழுத்துச் சொல்வார்கள். "உங்கள் பாட்டி பெயர் இருக்கிறதே" என்று அம்மாதான் முதலில் எடுத்துக் கொடுத்தார். தம்பி மனைவிக்கு அந்தப் பெயர் கேட்டவுடனே பிடித்துவிட்டது. வீட்டில் தொட்டில் போட்டுச் சொல்வதைவிட அம்மன் சந்நிதியிலேயே சொல்லிவிடலாம் என்றாள். பெயரைக் காதில் ஓதுவது அத்தையின் உரிமை. அத்தை நான்தான்.

திருவாரூரிலிருந்து பஸ் ஏறினால் கீழ்வேளூர் தாண்டியதும் காற்றில் உப்பு கலந்துவிடும். நாகையில் இறங்கிக் கோயிலுக்கு வழி கேட்டால் காயாரோகணேசுவரர் கோயில் என்று யாரும் சொல்வதில்லை. நீலாயதாட்சியம்மன் கோயில்தான். கோயிலைச் சுற்றிய வீதிகளும் அவள் பெயரில்தான் இருக்கின்றன: நீலா கீழ வீதி, நீலா தெற்கு வீதி, நீலா மேல வீதி, நீலா வடக்கு வீதி. கடைப் பலகைகளில் அந்தப் பெயரைப் படித்துக்கொண்டே நடந்தபோது, பாட்டியைத் தெருத்தெருவாக யாரோ கூப்பிடுவது போலிருந்தது எனக்கு.

சுவாமியின் பெயருக்கும் ஒரு கதை உண்டு. புண்டரீக முனிவரை இறைவன் அவருடைய உடலோடு ஏற்றுக்கொண்ட தலம் இது. காயம் என்றால் உடல், ஆரோகணம் என்றால் மேலேறுதல். காயாரோகணம் தேவாரத்தில் காரோணம் ஆயிற்று. குடந்தையிலும் கச்சியிலும் காரோணங்கள் உண்டு என்றாலும் நாகைக் காரோணத்துக்குக் கடல் அடைமொழியாகவே ஒட்டிக்கொண்டது. தியாகராசர் தலத்துக்கொரு நடனத்தோடு விளங்கும் ஏழு சப்தவிடங்கத் தலங்களில் ஒன்றான இங்கே எழுந்தருளியிருப்பவர் சுந்தரவிடங்கர். அவருடைய நடனத்தைக் கடலலையின் அசைவு என்கிறார்கள். பொன்மீனையும் இறைவனுக்கே என்று கடலில் விட்ட அதிபத்த நாயனாரும் இந்த ஊர்க்காரர்தான். சுந்தரர் இந்தச் சந்நிதியில் நின்று முத்தாரம் வேண்டும், மணிவயிரக் கோவை வேண்டும், கத்தூரி கமழும் சாந்து வேண்டும் என்று உரிமையோடு கேட்டுப் பாடியிருக்கிறார். நாங்கள் கேட்க வந்தது ஒரு பெயர் மட்டும்.

சுவாமி தரிசனம் முடித்து அம்மன் சந்நிதிக்கு வந்தோம். இங்குள்ள நந்தியை அவசரப்படாமல் பார்க்க வேண்டும். உடல் அம்மனை நோக்கி இருக்க, கழுத்தை மட்டும் சுவாமி சந்நிதிப் பக்கம் திருப்பியிருக்கிறது. அம்மையையும் அப்பனையும் ஒருசேரப் பார்க்க வேண்டும் என்று நந்தி வரம் கேட்டதாகச் சொல்வார்கள். திரும்பிய அந்தக் கழுத்தின் மடிப்புகளில் எண்ணெய் ஏறி, கல் கறுத்து மினுங்குகிறது. தம்பி குழந்தையைத் தோளில் சாய்த்துக்கொண்டு நின்றான். அதன் தலையும் நந்தியைப் போலவே ஒரு பக்கமாகத் திரும்பியிருந்தது. அம்மா அதைக் காட்டிச் சிரித்தார்.

அர்ச்சனைத் தட்டை வாங்கிய குருக்கள் பெயரும் நட்சத்திரமும் கேட்டார்.

"நீலாயதாட்சி, அனுஷம்" என்றாள் தம்பி மனைவி.

"அம்பாள் பெயர் இருக்கட்டும் அம்மா, குழந்தை பெயரைச் சொல்லுங்கள்."

"குழந்தைக்கும் அதுதான் சாமி."

அவர் தட்டோடு நின்று குழந்தையை ஒருமுறை பார்த்தார். "முழுப்பெயரையும் வைக்கிறீர்களா? ரொம்ப சந்தோஷம்" என்று சொல்லிவிட்டு உள்ளே போனார். அர்ச்சனையில் அம்பாளின் பெயரும் குழந்தையின் பெயரும் ஒன்றாகவே ஒலித்தன. கற்பூரத் தட்டு அம்மனின் முகத்தருகே உயர்ந்தபோது அந்தக் கண்களைப் பார்த்தேன். நீலம், ஆயதம், அட்சி என்று பிரித்துப் பொருள் சொல்வார்கள். நீல நிறமும் நீட்சியும் கொண்ட கண்ணை உடையவள். மீனாட்சியின் கண்ணுக்கு மீனை உவமை சொன்னார்கள். விசாலாட்சியின் கண்ணுக்கு விரிவைச் சொன்னார்கள். இவள் கண்ணுக்கு நிறமும் வேண்டியிருந்தது, நீளமும் வேண்டியிருந்தது. கடலைப் பார்த்த ஊர் வைத்த பெயர் அப்படித்தான் இருக்கும் என்று நினைக்கிறேன். அப்பர் பெருமான் இவளைக் கருந்தடங்கண்ணி என்று பாடியிருக்கிறார். கருமை, தடம் என்ற அகலம், கண். வடமொழியில் நீலமாக இருப்பது தமிழில் கருமையாக நிற்கிறது. ஆழ்கடலுக்கு இரண்டு நிறமும் பொருந்தும். கருந்தடங்கண்ணி என்று இன்று ஒரு பெண்ணுக்குப் பெயர் வைத்தாலும் நான் மகிழ்வேன்.

சந்நிதியை விட்டு வெளியே வந்து மண்டபத்தில் அமர்ந்தோம். குழந்தையை மடியில் வாங்கி, வலக் காதில் மூன்று முறை பெயரைச் சொன்னேன். முதல் முறை சொன்னபோது குரல் உடைந்துவிட்டது. பாட்டி போன பிறகு அந்தப் பெயரை யாரையும் கூப்பிடுவதற்காக நான் உச்சரித்ததில்லை. மூன்றாவது முறை தெளிவாக வந்தது. அம்மா சர்க்கரைத் தண்ணீருக்குப் பதில் தீர்த்தத்தில் விரலை நனைத்துக் குழந்தையின் உதட்டில் ஒற்றினார்.

இந்தக் கோயிலிலேயே அழுகணிச் சித்தரின் சமாதியும் இருக்கிறது. பாட்டுக்குப் பாட்டு கண்ணம்மா, கண்ணம்மா என்று அழைத்து அழுதவர் அவர். கண்ணாலேயே பெயர் பெற்ற அம்மனின் கோயிலில் அவர் அடங்கியிருப்பதால், அந்தக் கண்ணம்மா யார் என்ற கேள்வியே எனக்கு எழவில்லை. அங்கும் சற்று நேரம் இருந்தோம்.

முத்துசுவாமி தீட்சிதர் இவள்மீது பாடியது நீலாம்பரி ராகத்தில், அம்ப நீலாயதாக்ஷி என்று தொடங்கும் கிருதி. தாலாட்டுக்கு உரிய ராகம் அது. சியாமா சாஸ்திரியும் பரஸ் ராகத்தில் இவளைப் பாடியிருக்கிறார். தம்பி மனைவிக்குச் சங்கீதம் தெரியும். ஊர் திரும்பும் பஸ்ஸில் குழந்தை அழத் தொடங்கியபோது தீட்சிதரின் கிருதியை மெல்ல முணுமுணுத்தாள். குழந்தையின் பெயரைச் சொல்லியே தாலாட்டும் பாட்டு இவ்வளவு காலத்துக்கு முன்பே ஆயத்தமாக இருக்கிறது என்று அம்மாவிடம் சொன்னேன். உங்கள் பாட்டிக்கு இதையெல்லாம் யார் பாடினார்கள், அவரைப் பலபேர் நீலா என்று கூப்பிட்டதோடு சரி என்றார் அம்மா.

அது உண்மைதான். செல்லமாக நீலா என்று கூப்பிடுவதில் எனக்கும் மறுப்பில்லை. நாகையின் வீதிகளே அப்படித்தானே அழைக்கின்றன. ஆனால் பதிவேட்டில் முழுப்பெயர் இருக்க வேண்டும் என்று நான் வற்புறுத்தினேன். பிறப்பைப் பதிந்தபோது பெயர் கொடுத்திருக்கவில்லை. ஓராண்டுக்குள் கட்டணமின்றிச் சேர்த்துக்கொள்ளலாம் என்பதால், தம்பி மறுவாரமே விண்ணப்பம் எழுதினான். எழுத்துப் பிழை வரக் கூடாது என்று என்னிடம் காட்டிவிட்டுத்தான் கொடுத்தான். அடுத்த ஆடிப்பூரத்துக்குக் குழந்தையோடு மீண்டும் போகிறோம். பூப்பெய்தும் பருவத்துக் கன்னியாக அம்மனைக் கொண்டாடும் பெருவிழா அது. இப்போதே வளையல் வாங்கி வைக்கும் பொறுப்பை அம்மா ஏற்றுக்கொண்டுவிட்டார், அம்மனுக்கும் பேத்திக்கும் சேர்த்து.